தொலைந்துபோன மௌனப் படத்தை நெருங்குவது எப்படி: 1908இன் ‘ஹொன்னோஜி போர்’

ஜப்பானிய சினிமாவின் தொடக்க காலத்தை ஆர்வமாகத் தேடுகிற எவரும் சீக்கிரமே ‘ஹொன்னோஜி போர்’ என்ற பெயருக்கு வந்து சேர்வார்கள். 1908இல் கியோத்தோவில் எடுத்த படம். இயக்கியவர் மகினோ ஷோஸோ, பிற்பாடு ‘ஜப்பானிய சினிமாவின் தந்தை’ என்று அழைக்கப்பட்டவர், அவர் இயக்கிய முதல் படமே இதுதான். ஒரு புத்த ஆலயத்துக்குள் நடக்கும் கதை, படம்பிடித்தது இன்னொரு புத்த ஆலயத்தின் வளாகத்தில். சரி, எங்கே பார்க்கலாம் என்று தேடினால் பிரதி எதுவும் மிஞ்சவில்லை என்ற பதில்தான் வரும், பெரும்பாலானவர்கள் அதோடு விட்டுவிடுகிறார்கள்.

விட வேண்டியதில்லை என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன். படச்சுருள்தான் போய்விட்டது. கதை இருக்கிறது, கேமரா நின்ற ஆலயம் இருக்கிறது, அதே இயக்குநர் சில வருஷம் கழித்து எடுத்த படங்கள் இருக்கின்றன, எல்லாவற்றையும்விட முக்கியமாக, அந்தப் படங்களுக்குத் திரையோரம் நின்று குரல் கொடுத்த கலை இன்னும் அழியவில்லை. இவற்றை ஒழுங்காக ஒன்றன்பின் ஒன்றாகப் பிடித்துக்கொண்டு போனால் 1908ஆம் வருஷத்து ரசிகர் கொட்டகையில் எதைப் பார்த்திருப்பார், எதைக் கேட்டிருப்பார் என்பதற்கு ரொம்பவே பக்கத்தில் போய்விடலாம். ஒரு எச்சரிக்கை மட்டும் முன்கூட்டியே: இந்தப் பெயரில் இணையத்தில் முழுநீளக் காணொளி எதையாவது பார்த்தால் நம்பிவிடாதீர்கள், ஹொன்னோஜி சம்பவத்தை வைத்துப் பின்னால் வந்த படங்களும் தொடர்களும் ஏராளம்.

முதலில் கதையைத் தெரிந்துகொள்ளுங்கள்

இதைத் தாண்டிவிட்டு நேராகப் படங்களுக்குப் போகிறவர்கள் பாதியில் அலுத்துவிடுவார்கள். காரணம் எளிது. அந்தக் கால ஜப்பானிய மௌனப் படங்கள் கதையைச் சொல்ல வந்தவை அல்ல, ஏற்கெனவே எல்லாருக்கும் தெரிந்த கதையின் காட்சிகளை நடித்துக் காட்ட வந்தவை. யார் யாரைக் கொல்லப்போகிறார் என்பது கொட்டகையில் உட்கார்ந்திருந்த சின்னப் பிள்ளைக்கும் தெரியும். நமக்கும் அது தெரிந்திருந்தால்தான் படம் பேசும்.

கதை இதுதான். பதினாறாம் நூற்றாண்டின் பின்பாதி, ஜப்பான் முழுக்கப் போர்த்தலைவர்கள் ஒருவரோடொருவர் மோதிக்கொண்டிருந்த காலம். அதில் ஒதா நொபுனாகா என்பவர் கிட்டத்தட்ட எல்லாரையும் அடக்கி மேலே வந்துவிட்டார். 1582 ஜூன் மாதம் கியோத்தோவுக்கு வந்தவர் வழக்கம்போல ஹொன்னோஜி ஆலயத்தில் தங்குகிறார், கூட இருந்தது சிறிய பரிவாரம் மட்டுமே. மேற்கே ஒரு முற்றுகையில் இருந்த தளபதி ஹிதேயோஷிக்கு உதவியாகப் போகும்படி தன் இன்னொரு தளபதியான அகெச்சி மிட்சுஹிதேவுக்கு உத்தரவிட்டிருந்தார். மிட்சுஹிதே தன் கமேயாமா கோட்டையிலிருந்து படையோடு கிளம்பினார், வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு 13,000 பேர். ஆனால் மேற்கே போக வேண்டிய படை கியோத்தோ பக்கம் திரும்பியது. ‘எதிரி ஹொன்னோஜியில் இருக்கிறான்’ என்று மிட்சுஹிதே முழங்கியதாக ஒரு வாக்கியம் ஜப்பானில் பழமொழியாகவே நிலைத்துவிட்டது, உண்மையில் அவர் அப்படிச் சொன்னாரோ இல்லையோ, மேடையிலும் திரையிலும் அது இல்லாமல் இந்தக் கதை கிடையாது.

ஜூன் 21 அதிகாலை ஆலயம் சூழப்பட்டது. நொபுனாகா வில்லெடுத்துப் போரிட்டார், பிறகு ஈட்டி, காயம்பட்டதும் உள்ளே போய் உயிரை மாய்த்துக்கொண்டார், கட்டடம் எரிந்தது, உடல் கிடைக்கவே இல்லை. அவருடைய இளம் பணியாளன் மோரி ரன்மாருவும் அங்கேயே செத்தான். அடுத்த இரண்டு வாரத்துக்குள் யமஸாகி என்ற இடத்தில் ஹிதேயோஷியிடம் மிட்சுஹிதே தோற்று அழிந்தார். இந்த அளவுக்கு மனதில் இருந்தால் போதும். மிட்சுஹிதே ஏன் துரோகம் செய்தார் என்ற கேள்விக்கு வரலாற்றாசிரியர்கள் இன்றும் ஒரே பதில் சொல்வதில்லை, அதனால்தான் நாடகக்காரர்கள் தங்கள் பதில்களை நிரப்பிக்கொண்டார்கள்.

நாடகம் என்றதும் ஒன்றைச் சொல்ல வேண்டும். 1908இன் ரசிகர்களுக்கு இந்தக் கதை வரலாற்றுப் பாடத்திலிருந்து மட்டும் வந்ததில்லை, கபுகி என்ற மரபு மேடை நாடகத்திலிருந்தும் பொம்மலாட்டத்திலிருந்தும் வந்தது. 1799இல் பொம்மலாட்ட மேடைக்கு வந்த ‘எஹொன் தைகோகி’, 1808இல் கபுகிக்காக நான்காம் ட்சுருயா நம்போக்கு எழுதிய நாடகம் இரண்டும் மிட்சுஹிதேவைச் சுற்றியே ஓடுகின்றன. நம்போக்குவின் நாடகத்தில், குதிரையைக் கழுவும் தொட்டியில் மதுவை ஊற்றி மிட்சுஹிதேவைக் குடிக்கச் சொல்லி அவமானப்படுத்தும் ஒரு காட்சி வரும், அவர் பல்லைக் கடித்துக்கொண்டு குடிப்பார், பார்க்கிறவர் மனசு அங்கேயே துரோகி பக்கம் சாய்ந்துவிடும். அந்த நாடகங்கள் வந்த தோகுகாவா வம்சத்து ஆட்சியில் உண்மையான சாமுராய்க் குடும்பங்களின் பெயரை மேடையில் சொல்லக் கூடாது என்பதால் மிட்சுஹிதே அங்கே ‘தகெச்சி’ ஆவார், ஒதா நொபுனாகா ‘ஒதா ஹருனாகா’ ஆவார். இந்த நாடகங்களின் கபுகி நிகழ்ச்சிப் பதிவு ஏதாவது கிடைத்தால், முழுசாக வேண்டாம், அந்தத் தொட்டிக் காட்சியை மட்டுமாவது பாருங்கள். மகினோவின் நடிகர்கள் எந்தப் பள்ளியிலிருந்து வந்தார்கள் என்பது பத்து நிமிஷத்தில் புரிந்துவிடும்.

படம் எப்படி உருவானது என்பதையும் கொஞ்சம்

லூமியேர் சகோதரர்களின் சினிமாட்டோகிராப் கருவி 1897இல் இனாபத்தா கட்சுதாரோ என்ற தொழிலதிபர் மூலமாக ஜப்பானுக்கு வந்தது. சோதனைத் திரையிடல் கியோத்தோவில்தான் நடந்தது, மின்சாரக் கம்பெனி ஒன்றின் முற்றத்தில். இனாபத்தா சீக்கிரமே இந்த வியாபாரத்திலிருந்து ஒதுங்கிக்கொள்ள, அது யொகொதா எய்னோசுகே என்பவர் கைக்கு வந்தது. ஊர் ஊராகப் படம் காட்டிக்கொண்டிருந்த யொகொதாவுக்கு ஒரு கட்டத்தில் உள்ளூர்க் கதைகள் தேவைப்பட்டன. கேமரா இருந்தது. நடிகர்களும் அவர்களை ஆட்டிவைக்கத் தெரிந்த ஒருவரும் இல்லை.

அந்த ஒருவர்தான் மகினோ. 1878இல் பிறந்தவர், நெசவாளர்கள் நிறைந்த நிஷிஜின் பக்கம் செம்பொன்-ஸா என்ற நாடகக் கொட்டகையை நடத்திக்கொண்டிருந்தார், அம்மா யானா பொம்மலாட்டப் பாட்டான கிதாயு பாடுகிறவர். ஆக நாடகமும் பாட்டும் வீட்டுக்குள்ளேயே இருந்தன. யொகொதா கேட்டதும் தன் கொட்டகை நடிகர்களைக் கூட்டிக்கொண்டு ஷின்னியோதோ ஆலயத்துக்குப் போய்ப் படம்பிடித்தார். அதே 1908 செப்டம்பரில் தோக்கியோவின் காந்தா பகுதியில் இருந்த கின்கிகான் அரங்கில் படம் வெளியானது.

ஏன் ஆலயம்? படப்பிடிப்புக்கூடம் என்ற ஒன்றே அப்போது கியோத்தோவில் கிடையாது. யொகொதா கம்பெனி நிஜோ கோட்டைப் பக்கம் தன் முதல் கூடத்தை அமைத்ததே 1910இல்தான். அன்றைய படச்சுருளுக்கு நல்ல வெயில் வேண்டும், வீட்டுக்குள்ளே எதுவும் பதியாது. பரந்த முற்றமும், பழைய மரக்கட்டடமும், நாள் முழுக்க வெளிச்சமும் ஒரே இடத்தில் வேண்டும் என்றால் ஆலயத்தைவிடத் தோதான இடம் அந்த ஊரில் வேறு என்ன இருக்கிறது?

சரி, உண்மையான ஹொன்னோஜியிலேயே எடுத்திருக்கலாமே என்று தோன்றும். 1582இல் எரிந்த ஆலயத்தை ஹிதேயோஷி சில வருஷத்தில் அதே ஊரின் தெராமாச்சிப் பகுதிக்கு இடம் மாற்றிவிட்டார், அதனால் சம்பவம் நடந்த இடத்தில் ஆலயம் இல்லை. மாற்றிய இடத்திலும் 1864இல் கியோத்தோவைத் தின்ற பெருந்தீயில் ஹொன்னோஜி மறுபடி எரிந்தது, இன்று அங்கே பார்க்கும் பிரதான மண்டபம் 1928இல் வந்தது. மகினோ கேமராவோடு கிளம்பிய வருஷத்தில் அது இல்லை. ஷின்னியோதோவிலோ 1717இன் பிரதான மண்டபமும் 1817இன் மூன்றடுக்குப் பகோடாவும் கம்பீரமாக நின்றுகொண்டிருந்தன. இன்றும் நிற்கின்றன.

இப்போது பார்க்கத் தொடங்குங்கள், ஆனால் வரிசையாக

தொலைந்த படத்தின் முன்னும் பின்னும் இருக்கும் படங்களைப் பார்ப்பதுதான் வழி. நான் சொல்லும் வரிசை ‘மோமிஜிகாரி’, ‘சூஷிங்குரா’, ‘ஜிராய்யா’, ‘ஒரோச்சி’. மாற்றிப் பார்த்தால் கெட்டுவிடாது, ஆனாலும் கடைசிப் படத்தை முதலில் பார்த்துவிட்டால் முந்தையவை சப்பென்று தோன்றும்.

‘மோமிஜிகாரி’ 1899இல் தோக்கியோவின் கபுகி-ஸா அரங்கின் பின்புறம் எடுத்தது. ஒன்பதாம் தன்ஜூரோ, ஐந்தாம் கிகுகோரோ என்ற இரண்டு பெரிய கபுகி நடிகர்கள் ஆடுகிறார்கள். சில நிமிஷம்தான். நடுவில் காற்றில் தன்ஜூரோவின் விசிறி பறந்துபோகும், அதை அப்படியே விட்டுவைத்திருக்கிறார்கள். ஜப்பானில் முக்கியப் பண்பாட்டுச் சொத்தாக அறிவிக்கப்பட்ட முதல் படம் இது, 2009இல். இதில் கவனிக்க வேண்டியது கேமரா எங்கே நிற்கிறது என்பது. அரங்கில் நடுவரிசையில் உட்கார்ந்த ரசிகர் இருக்கும் இடத்தில் நிற்கிறது, நகரவே நகராது. ‘ஹொன்னோஜி போர்’ வந்த காலத்துக் கதைப்படங்களும் பெரும்பாலும் இந்த முறையில்தான் எடுக்கப்பட்டன: முழு உருவம், நீளமான காட்சி, அருகாமைக் காட்சி கிடையாது, பெண் வேடத்திலும் ஆண்தான்.

அடுத்தது ‘சூஷிங்குரா’. 1910ஐ ஒட்டி மகினோவும் நடிகர் ஒனோயே மட்சுனொசுகேயும் சேர்ந்து எடுத்தது, மிஞ்சியிருக்கும் படங்களில் நம் படத்துக்கு மிக நெருங்கிய சொந்தம் இதுதான் என்பது என் எண்ணம். அதே இயக்குநர், அதே கம்பெனி, அதே நாடகப் பாணி. எஜமானுக்காகப் பழிவாங்கிய 47 சாமுராய்களின் கதை, அதுவும் புத்த ஆலயத்தில்தான் போய் முடிகிறது, தோக்கியோவின் செங்கக்குஜியில், எஜமானின் கல்லறை முன்னால். மட்சுனொசுகே ஒரே படத்தில் மூன்று வேடம் போட்டிருப்பார். பெரிய விழிகளை உருட்டி நிறுத்துவார், அதற்காகவே மக்கள் அவரைச் செல்லமாகக் கண்ணை வைத்துத்தான் கூப்பிட்டார்கள். அந்த விழி உருட்டல் கபுகியின் ‘மியே’, உணர்ச்சியின் உச்சத்தில் நடிகர் உறைந்து நிற்கும் நிலை. நொபுனாகா ஈட்டியோடு வராந்தாவில் நிற்கும் காட்சியை மனதில் கட்டிப்பார்க்க வேண்டுமென்றால் மட்சுனொசுகே உறைந்து நிற்கும் இந்தக் கணங்களை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள்.

‘ஜிராய்யா’ 1921. இதுவும் அதே ஜோடி, சுமார் இருபது நிமிஷம் கிடைக்கிறது, மந்திரத்தால் பெரிய தவளையாக மாறுகிறவனின் கதை. மகினோவுக்குத் தந்திரக்காட்சி பிடிபட்டது பற்றி ஒரு கதை சொல்வார்கள்: படச்சுருள் மாற்றிக்கொண்டிருந்தபோது ஒரு நடிகர் ஒதுங்கப் போய்விட்டார், அது தெரியாமல் மறுபடி கேமராவைச் சுற்ற, திரையில் ஆள் சட்டென்று மறைந்துவிட்டார். உண்மையோ கட்டுக்கதையோ, ‘ஜிராய்யா’வைப் பார்த்தால் அந்த மறைதலை மகினோ எவ்வளவு ரசித்துச் செய்தார் என்பது தெரியும். கடைசியாக 1925இன் ‘ஒரோச்சி’, ஃபுதாகாவா புந்தாரோ இயக்கியது, மகினோ மேற்பார்வை, பந்தோ ட்சுமசபுரோ நடிப்பு. கேமரா ஓடுகிறது, முகம் திரையை நிரப்புகிறது, வாள்சண்டை நடனம் போல இல்லாமல் நிஜமான வெறியோடு வருகிறது. பதினேழு வருஷத்தில் எவ்வளவு தூரம் வந்துவிட்டார்கள் என்று தெரிந்தபின் 1908ஐத் திரும்பிப் பார்த்தால் அதன் நிதானம் வேறு மாதிரித் தெரியும்.

எங்கே கிடைக்கும்? ஜப்பானின் தேசியத் திரைப்படக் காப்பகம் மெய்ஜி காலப் (1868–1912) படங்கள் சிலவற்றைத் தன் இணையதளத்தில் இலவசமாகப் போட்டிருக்கிறது. ‘ஜிராய்யா’வும் ‘ஒரோச்சி’யும் யூடியூபில் சாதாரணமாகவே கிடைக்கும். எல்லாரும் ஓட்டப்பந்தயத்தில் ஓடுவது போலத் தெரிந்தால் அது படத்தின் குற்றமில்லை. கேமராவைக் கையால் சுற்றிய காலம், நொடிக்கு 16 சட்டம் (ஃபிரேம்) அல்லது அதற்கும் குறைவு, சுருள் விலை அதிகம் என்பதால் இன்னும் மெதுவாகச் சுற்றி மிச்சம் பிடித்ததும் உண்டு. அதை இன்றைய 24 சட்ட வேகத்தில் ஓட்டினால் அப்படித்தான் இருக்கும். காணொளி வேகத்தை 0.75க்குக் குறைத்துவிடுங்கள். சில பிரதிகளில் ஏற்கெனவே சரிசெய்திருப்பார்கள், அப்படியென்றால் நடை இயல்பாகத் தெரியும், கைவைக்க வேண்டாம்.

சத்தமில்லாமல் பார்க்காதீர்கள்

இதைத்தான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். ஜப்பானிய மௌனப் படத்தை மௌனமாகப் பார்ப்பது பாதிப் படத்தைப் பார்ப்பது. பென்ஷி என்ற கதைசொல்லி திரைக்கு இடப்பக்கம் நின்று வர்ணனை, வசனம், அழுகை, சிரிப்பு எல்லாவற்றையும் தன் தொண்டையில் சுமப்பார். மக்கள் நடிகர் பெயரைப் பார்த்து மட்டும் கொட்டகைக்குப் போகவில்லை, எந்த பென்ஷி பேசுகிறார் என்று பார்த்தும் போனார்கள். 1908ஐ ஒட்டிய வருஷங்களில் ஒருவர் மட்டுமல்ல, பலர் சேர்ந்து ஆளுக்கொரு பாத்திரமாகக் குரல் மாற்றிப் பேசுவதும் வழக்கம், பக்கத்தில் ஷாமிசென் என்ற மூன்று தந்தி வாத்தியம், பறை. படத்தில் எழுத்து அட்டை குறைவாக இருந்ததற்கும் கேமரா நகராமல் இருந்ததற்கும் இதுவும் ஒரு காரணம்: பேசுவதற்குத்தான் ஆள் இருக்கிறாரே, காட்சியை எதற்கு நறுக்க வேண்டும்?

‘பழைய படம், தொழில்நுட்பம் வளரவில்லை, அதனால் தட்டையாக இருக்கிறது’ என்று எழுதிவிட்டுப் போகிறவர்கள்மேல் எனக்குக் கோபமே உண்டு. தட்டையாக இருப்பது நாம் கேட்காமல் விட்ட பாதியால்.

எனவே பென்ஷி குரலோடு இருக்கும் பதிப்பைத் தேடுங்கள். பேசும்படம் வந்தபின், 1930களில் பென்ஷிகள் வேலையிழந்தார்கள், அகிரா குரோசாவாவின் அண்ணனும் அவர்களில் ஒருவர், 1933இல் தற்கொலை செய்துகொண்டார். ஆனாலும் கலை அறுந்துபோகவில்லை. போருக்குப் பிறகு மட்சுதா ஷுன்சுய் என்பவர் பழைய மௌனப் படச்சுருள்களைத் தேடித் தேடிச் சேர்த்து, தானே பென்ஷியாக நின்று பேசினார், அவருடைய சீடர் சவாதோ மிதோரி, பிறகு கதவோக்கா இச்சிரோ, சகமோத்தோ ரைகோ என்று இன்றுவரை சங்கிலி நீள்கிறது. இவர்கள் பெயரோடு தேடினால் குரல் பதித்த காட்சிகள் கிடைக்கும். ஜப்பானிய மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை. முதலில் ஒலியை அணைத்து ஐந்து நிமிஷம், பிறகு அதே ஐந்து நிமிஷத்தை ஒலியோடு பாருங்கள். சும்மா நின்றுகொண்டிருந்த நடிகர் திடீரென்று தயங்குவார், திட்டமிடுவார், நடுங்குவார்.

கியோத்தோவுக்குப் போகிறவர்களுக்கு

ஒரு நாள் ஒதுக்கினால் போதும். காலையில் பழைய ஹொன்னோஜி இருந்த இடம், அபுரனொகோஜி தெருவும் தகொயகுஷி தெருவும் சந்திக்கும் பக்கம். பெரிதாக எதிர்பார்த்துப் போகாதீர்கள், வீடுகளுக்கும் கட்டடங்களுக்கும் நடுவில் ஒரு கல்தான் நிற்கும். ஆனால் 2007இல் அந்தப் பக்கம் தோண்டியபோது தீயில் வெந்த ஓடுகளும் அகழியும் கல்சுவரும் கிடைத்தன, நொபுனாகா தங்கிய ஆலயம் கிட்டத்தட்டக் கோட்டை மாதிரி அரண் செய்யப்பட்டிருந்தது என்று அதிலிருந்து தெரிந்தது. அப்புறம் தெராமாச்சியில் இன்றைய ஹொன்னோஜி, நகராட்சி அலுவலகச் சுரங்கரயில் நிலையத்திலிருந்து கொஞ்ச தூரம். பிரதான மண்டபத்துக்குப் பின்னால் நொபுனாகாவின் நினைவிடம் இருக்கிறது.

பிறகு கிழக்கே, யோஷிதா குன்றுப் பக்கம் ஷின்னியோதோ. இங்கே நேரத்தைத் தாராளமாகச் செலவழியுங்கள். புத்த மதத்தின் தெந்தாய் பிரிவு ஆலயம், 984இல் தொடங்கியது, பல முறை இடம் மாறி 1693இல் இப்போதுள்ள இடத்துக்கு வந்தது. வளாகத்தைச் சுற்றிப் பார்க்கக் கட்டணம் இல்லை, உள்மண்டபத்துக்கும் தோட்டத்துக்கும் மட்டும் உண்டு. நவம்பரில் மேப்பிள் இலை சிவக்கும்போது கூட்டம் அலைமோதும். படத்துக்காகப் போகிறவர்கள் வேறு மாதத்தில் போவது நல்லது. முற்றத்தில் ‘கியோத்தோ சினிமா பிறந்த இடம்’ என்ற பொருளில் ஒரு நினைவுக்கல், படத்தின் நூறாவது வருஷமான 2008இல் நட்டது.

அங்கே நின்று ஒரு சின்ன வேலை செய்யுங்கள். அன்றைய படச்சுருளுக்குச் சிவப்பு நிறம் தெரியாது. சிவப்பு கருப்பாகவும், நீல வானம் வெறும் வெள்ளையாகவும் பதியும். கைபேசியில் தலைவாசலையும் பிரதான மண்டபத்தையும் படமெடுத்து, ஏதாவது படம் திருத்தும் செயலியில் கருப்பு வெள்ளையாக்கி, சிவப்பை அடிமட்டத்துக்கு இறக்கி நீலத்தை ஏற்றிவிடுங்கள். செஞ்சாயம் பூசிய அந்தத் தலைவாசல் கன்னங்கரேலென்று ஆகிவிடும், மரங்களுக்குப் பின்னால் வானம் காகிதம் மாதிரி வெளுத்துவிடும். கேமரா பார்த்த ஷின்னியோதோ ஏறத்தாழ அதுதான். நடிகர்கள் ஏன் முகத்தில் அத்தனை வெள்ளை பூசினார்கள் என்பதும், கூட வந்த நண்பரின் முகத்தை அப்படி மாற்றிப் பார்த்தால் உடனே விளங்கும்.

கிளம்புவதற்கு முன்னால் அங்கே இருக்கும் கல்லறைகளைப் பற்றியும் தெரிந்துகொள்ளுங்கள். மிட்சுஹிதேவின் முக்கியத் துணைவர் சைதோ தொஷிமிட்சு, ஹொன்னோஜியைத் தாக்கியவர்களில் ஒருவர், யமஸாகி தோல்விக்குப் பிறகு பிடிபட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய நண்பரான ஓவியர் கைஹோ யூஷோ உடலை மீட்டுக்கொண்டுவந்து ஷின்னியோதோவில் அடக்கம் செய்தார் என்பது மரபு, இருவர் கல்லறையும் இந்த ஆலயத்தில்தான் இருக்கின்றன. தொஷிமிட்சுவின் மகள்தான் பிற்காலத்தில் மூன்றாவது தோகுகாவா ஷோகனை, அதாவது நாட்டை ஆண்ட ராணுவத் தலைவரை, வளர்த்த கசுகா நோ ட்சுபோனே. அப்பாவின் நினைவாக அவர் வைத்ததாகச் சொல்லப்படும் செர்ரி மரம் பிரதான மண்டபத்துக்கு அருகில் இருக்கிறது. ஆக மகினோவின் நடிகர்கள் ஹொன்னோஜியைத் தாக்குவதாக நடித்த வளாகத்திலேயே உண்மையில் தாக்கியவர் புதைக்கப்பட்டிருக்கிறார். இந்தப் படத்தைப் பற்றி எனக்குத் தெரிந்தவற்றில் என்னை அதிகம் உலுக்கியது இதுதான்.

நேரம் மிஞ்சினால் மேற்கே தோஜி-இன் ஆலயத்துக்கும் போகலாம். மகினோ 1921இல் சொந்தக் கம்பெனி தொடங்கியபோது படப்பிடிப்புக்கூடம் போட்டது அந்த ஜென் ஆலய வளாகத்தில். அவருடைய சிலையும் அங்கே இருக்கிறது.

வீட்டிலேயே ஒரு திரையிடல்

பயணம் போக முடியாதவர்களும் இதைச் செய்யலாம், போய் வந்தவர்கள் கட்டாயம் செய்ய வேண்டும். ‘சூஷிங்குரா’விலிருந்து ஐந்தாறு நிமிஷக் காட்சி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள், எஜமான் கோபத்தில் வாளை உருவும் இடம் நல்லது. இரண்டு தடவை பார்த்து, யார் எப்போது உள்ளே வருகிறார், எப்போது திரும்புகிறார் என்று குறித்துக்கொண்டு, தமிழில் வசனம் எழுதுங்கள். ஒருவர் வர்ணனைக்கு, மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரத்துக்கு. மேளமோ, கஞ்சிராவோ, எதுவும் இல்லாவிட்டால் மரப்பலகையில் தட்டும் இரண்டு கட்டையோ போதும், கபுகியிலும் கட்டைதான் தட்டுவார்கள். நடிகர் உறையும் கணத்துக்குச் சரியாகத் தட்டு விழ வேண்டும்.

வாயசைவுக்கு ஏற்றபடி பேச முயலாதீர்கள், பென்ஷிகள் அப்படிச் செய்ததில்லை. உடம்பின் திருப்பத்துக்குப் பேசுங்கள். வாக்கியத்தை இழுத்து, அவர் திரும்பும்போது முடியுங்கள். எழுதிய வசனம் பாதிக்கு மேல் அதிகமாக இருப்பதை முதல் ஒத்திகையிலேயே உணர்வீர்கள், தாராளமாக வெட்டுங்கள். மகினோ படம் எடுக்கும்போது மூன்று விஷயத்தை வரிசையாகச் சொல்வாராம், முதலில் கதை, இரண்டாவது தெளிவான படம், மூன்றாவது நடிப்பின் அசைவு. வெட்டும்போது அந்த வரிசையையே வைத்துக்கொள்ளுங்கள்: கதைக்கு வேண்டியது நிற்கட்டும், படத்திலேயே தெளிவாகத் தெரிவதைத் திரும்பச் சொல்ல வேண்டாம், அசைவு பேசும் இடத்தில் வாயை மூடிக்கொள்ளலாம்.

அது கைவந்த பிறகு படமே இல்லாமல் ஹொன்னோஜியை முயலுங்கள். ஷின்னியோதோவின் தலைவாசல், பகோடா, மண்டபத்துப் படிகள் என்று ஆறேழு புகைப்படம் போதும், நீங்கள் எடுத்ததோ இணையத்தில் பொதுவுரிமையில் கிடைத்ததோ, முன்சொன்னபடி சிவப்பைக் கொன்றுவிட்டு ஒன்றன்பின் ஒன்றாகச் சுவரில் ஓடவிடுங்கள். படை திரும்பும் இடத்தில் தொடங்கி, அதிகாலை முற்றுகை, வில், ஈட்டி, தீ. பெயர்களைத் தப்பில்லாமல் உச்சரிக்க மட்டும் முன்னாலேயே பழகிக்கொள்ளுங்கள், மிட்சுஹிதே என்பதில்தான் எல்லாருக்கும் நாக்கு சிக்கும்.